கப்பலே எடைமேடை

ஒடிசா நிலக்கரி பாரதீப்பில் கப்பலேறி, தமிழ்நாட்டுத் துறைமுகத்தில் இறங்கி, அங்கிருந்து ரயிலில் மேட்டூர் அனல்மின் நிலையத்துக்கு வருகிறது. ரயில் வேகனை நிறுத்தி எடைபோட எடைமேடை இருக்கிறது. ஐம்பதாயிரம் டன் சரக்கோடு நிற்கிற கப்பலை எதில் ஏற்றுவது? ஏற்ற வேண்டியதே இல்லை. எவ்வளவு ஆழம் அமிழ்ந்திருக்கிறது என்று பார்த்தாலே எடை தெரிந்துவிடும். மொத்தச் சரக்கு வணிகத்தில் பணம் கைமாறுவது பெரும்பாலும் இந்தக் கணக்கை நம்பித்தான்.

மிதக்கிற எதுவும் தன் எடைக்குச் சமமான எடையுள்ள தண்ணீரை விலக்கும். அந்தத் தண்ணீரின் எடைதான் டிஸ்பிளேஸ்மென்ட். கப்பல், எந்திரம், எரிபொருள், சரக்கு, ஆட்கள், சமையலறை அரிசி எல்லாம் அதில் அடக்கம். சேலத்துக்காரர்களுக்குச் சட்டென்று தோன்றக்கூடிய ஒரு கேள்வி: கடல் மட்டத்திலிருந்து சுமார் 1,500 மீட்டர் உயரத்தில் இருக்கும் ஏற்காடு ஏரியில் படகு கொஞ்சம் மேலே மிதக்குமா? மிதக்காது. உயரத்தில் ஈர்ப்பு விசை மயிரிழை குறைகிறது என்பது உண்மை. ஆனால் படகுக்குக் குறையும் அதே விகிதத்தில் தண்ணீருக்கும் குறைவதால் கணக்கு அடிபட்டுப் போகிறது. மிதப்பை மாற்றுவது தண்ணீரின் அடர்த்தி மட்டுமே.

செய்திகளில் வரும் ‘டன்’ பற்றியும் இங்கேயே சொல்லிவிடலாம், ஏனென்றால் அங்கே குழப்பம் நிறைய. விமானந்தாங்கிக் கப்பல் விக்ராந்த் சுமார் 45,000 டன் என்றால் அது டிஸ்பிளேஸ்மென்ட்; போர்க்கப்பலை அப்படித்தான் சொல்வது வழக்கம். சரக்குக் கப்பலுக்கு 50,000 டன் என்றால் அது டெட்வெயிட், அதாவது அந்தக் கப்பல் சுமக்கக்கூடிய எடை. கப்பலின் சொந்த இரும்பு அதில் சேராது. பயணிகள் சொகுசுக் கப்பலுக்குச் சொல்லப்படும் கிராஸ் டன்னேஜ் எடையே அல்ல, உள் கொள்ளளவிலிருந்து சூத்திரம் போட்டு வரும் எண். மூன்றையும் ஒரே அட்டவணையில் வைத்து ‘எது பெரியது’ என்று ஒப்பிடும் கட்டுரைகளைத் தாராளமாகத் தாண்டிப் போகலாம்.

வீட்டிலேயே சோதிக்க ஓர் எவர்சில்வர் டப்பா போதும். 16 செ.மீ. விட்டம், நேரான பக்கம், தட்டையான அடி. அடிப்பரப்பு 201 சதுர செ.மீ. பக்கெட் தண்ணீரில் விட்டு, டப்பாவுக்குள் 201 கிராம் போடும்போதெல்லாம் சரியாக 1 செ.மீ. இறங்கும். டப்பாவும் உள்ளிருப்பதும் சேர்ந்து 1,206 கிராம் என்றால் 6 செ.மீ. அமிழும். இப்போது தண்ணீரில் லிட்டருக்கு 35 கிராம் உப்பு கரைத்தால் அடர்த்தி ஏறக்குறைய கடல்நீர் அளவுக்கு வரும். டப்பா ஒன்றரை மில்லிமீட்டர் மேலே எழும். நுனி மெல்லிய மார்க்கர் பேனாவால் கோடு போட்டால் வித்தியாசம் கண்ணுக்குத் தெரியும்.

டப்பா குடை சாய்ந்தால் எடையைக் கூட்ட வேண்டாம், கீழே இறக்குங்கள். இந்த அளவுகளில் மொத்த எடையின் மையம் அடியிலிருந்து 5.7 செ.மீ.க்குக் கீழே இருந்தால் நிற்கும், மேலே போனால் கவிழும். பருப்பை உயரமாக நிரப்புவதைவிட அதே எடைக்கு நாணயங்களை அடியில் பரப்புவது நல்லது. 5.7 எங்கிருந்து வந்தது என்பதற்குப் பரிசல் கணக்கில் வருவோம்.

டப்பாவில் ஒரு சென்டிமீட்டருக்கு 201 கிராம் என்று பார்த்தோமே, கப்பலில் அதற்கு டி.பி.சி. என்று பெயர்: ஒரு சென்டிமீட்டர் அமிழ எத்தனை டன். நடுத்தர அளவு பல்க் கேரியர், அதாவது சரக்கை மூட்டை கட்டாமல் அப்படியே கொட்டி ஏற்றும் கப்பல் ஒன்றை எடுத்துக்கொள்வோம். நீளம் 183 மீட்டர், அகலம் 32.2, அமிழ்வு, அதாவது டிராஃப்ட், 12.5. மூன்றையும் பெருக்கினால் வருவது நேர்ப்பெட்டியின் கன அளவு. கப்பல் முழுப்பெட்டி இல்லை. முன்னும் பின்னும் ஒடுங்கும். பெட்டியில் எத்தனை பங்கைக் கப்பல் உண்மையில் நிரப்புகிறது என்பதுதான் பிளாக் கோஎஃபிஷன்ட். இந்த வகைக் கப்பலுக்கு 0.84 என்று வைத்தால் கன அளவு சுமார் 61,870 கன மீட்டர். கடல்நீர் அடர்த்தி 1.025ஆல் பெருக்க, டிஸ்பிளேஸ்மென்ட் சுமார் 63,400 டன். நீர்மட்டப் பரப்பு ஏறக்குறைய 5,360 சதுர மீட்டர். அதனால் டி.பி.சி. 55 டன்.

55 டன் என்பது கிட்டத்தட்ட ஒரு ரயில் வேகன் நிலக்கரி. அளவுக்குறியை ஒரு சென்டிமீட்டர் தப்பாகப் படித்தால் ஒரு வேகன் காணாமல் போகும், அல்லது இல்லாத வேகன் ஒன்று கணக்கில் ஏறும். அதனால்தான் இப்படி அமிழ்வைப் படித்து எடை காணும் டிராஃப்ட் சர்வேயில் ஆறு இடங்களில் படிக்கிறார்கள்: முன், நடு, பின், இரண்டு பக்கமும். அலை இருந்தால் ஒரே இடத்தில் உச்சத்தையும் தாழ்வையும் பல முறை பார்த்துச் சராசரி எடுக்க வேண்டும். கரைப் பக்கம் மட்டும் படித்துவிட்டுக் கடல் பக்கத்தை உத்தேசமாக எழுதுவது சர்வே ஆகாது. கப்பல் அரை டிகிரி ஒருபக்கம் சாய்ந்திருந்தால்கூட இந்த அகலத்துக்கு இரண்டு பக்கமும் 28 செ.மீ. வித்தியாசம் வரும்.

படித்ததை அப்படியே சராசரி போடக் கூடாது. கப்பல் வளையும். சரக்கு நடுவில் கனத்தால் நடு தொய்யும், முனைகளில் கனத்தால் நடு எழும்பும். முன் 12.30, பின் 12.58, நடு 12.50 என்று வைப்போம். முன் பின் மட்டும் பார்த்தால் சராசரி 12.44. ஆனால் கப்பலின் பருத்த பகுதி நடுவில்தான் இருக்கிறது என்பதால் நடு அளவுக்கு ஆறு பங்கு கொடுத்து, முன்னையும் பின்னையும் கூட்டி, எட்டால் வகுப்பார்கள். வருவது 12.485. வித்தியாசம் 4.5 செ.மீ., ஏறக்குறைய 250 டன்.

அடுத்து டிரிம், அதாவது முன்னுக்கும் பின்னுக்கும் உள்ள அமிழ்வு வித்தியாசம். முன்னும் பின்னும் வேறு வேறு ஆழத்தில் இருக்கும்போது கப்பல் சாய்ந்தாடும் புள்ளி நீளத்தின் நட்டநடுவில் இருக்காது. அந்தப் புள்ளி நடுவிலிருந்து 2 மீட்டர் முன்னால் இருந்து, கப்பல் 28 செ.மீ. பின்னால் தாழ்ந்திருந்தால், மேலே வந்த எடையிலிருந்து சுமார் 17 டன் கழிக்க வேண்டும். சின்னத் தொகைதான். ஆனால் பாதி சரக்கு இறக்கிய நிலையில் டிரிம் இரண்டு மூன்று மீட்டர் ஆகும்போது இதே திருத்தம் நூற்றுக்கணக்கில் போகும்.

அதிகம் சொதப்புவது அடர்த்தியில். கப்பலின் அட்டவணைகள் 1.025 என்று வைத்து எழுதப்பட்டவை. ஹால்தியா மாதிரி ஆற்றுத் துறைமுகத்திலும், மழைக்காலத்தில் முகத்துவாரத்தை ஒட்டிய இடங்களிலும் அடர்த்தி குறையும். உண்மையில் 1.020 இருக்க 1.025 என்று எழுதினால் நம் கப்பலில் 309 டன் பிழை, அதாவது ஐந்து வேகன். நன்னீர் இலேசானது, மேலே மிதக்கும்; ஒரு வாளியைத் தூக்கிப் போட்டு மேல்தண்ணீரை மொண்டு அடர்த்தி காட்டும் ஹைட்ரோமீட்டரை விட்டால் குறைவாகத்தான் காட்டும். மாதிரிக் குடுவையை டிராஃப்டின் மேல், நடு, கீழ் என மூன்று ஆழங்களில் நிரப்ப வேண்டும், டிராஃப்ட் படிக்கும் அதே நேரத்தில். ஓதம் மாறிவிட்டால் தண்ணீரும் மாறியிருக்கும்.

பிறகு கப்பலை நிலைப்படுத்தத் தொட்டிகளில் ஏற்றும் பாலாஸ்ட் தண்ணீர், எரிபொருள், குடிநீர் எல்லாவற்றையும் தொட்டி தொட்டியாக அளந்து கழிக்க வேண்டும். மிச்சமிருப்பது கப்பலின் சொந்த எடை, சரக்கு, இவற்றோடு ‘கான்ஸ்டன்ட்’ எனப்படும் கணக்கில் வராத கனம்: பெயிண்ட், கயிறு, உதிரிப் பாகம், தொட்டி அடியில் படிந்த சேறு. இது சில நூறு டன் வரை போகலாம். ஏற்றுவதற்கு முன் ஒரு சர்வே, ஏற்றியபின் ஒரு சர்வே என இரண்டையும் கழித்தால் கான்ஸ்டன்ட் தானே அடிபட்டுவிடும். காலிக் கப்பல் சர்வேயில் கான்ஸ்டன்ட் மைனஸில் வந்தால், எங்கோ இல்லாத பாலாஸ்டை இருப்பதாக எழுதியிருக்கிறார்கள் என்று அர்த்தம். முதலில் போய்த் தொட்டிகளைத் திரும்ப அளக்கச் சொல்லுங்கள்.

இதே கப்பல் கடலிலிருந்து நன்னீருக்கு வந்தால் 28.8 செ.மீ. கூடுதலாக இறங்கும். டிஸ்பிளேஸ்மென்டை டி.பி.சி.யின் நான்கு மடங்கால் வகுத்தால் இது மில்லிமீட்டரில் கிடைக்கும். கப்பல் பக்கவாட்டில் வட்டமும் கோடுகளுமாகத் தெரியும் லோட் லைன் குறியில் நன்னீர்க் கோடு கோடைக்காலக் கோட்டுக்கு மேலே இருப்பதன் காரணம் இதுதான். அளவுக்கு மீறி ஏற்றி அனுப்பப்பட்ட கப்பல்களுக்கு எதிராக சாமுவேல் பிளிம்சால் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் போராடி, 1876 சட்டத்தில் இந்தக் குறி வந்தது. இப்போது நடப்பில் இருப்பது 1966 சர்வதேச ஒப்பந்தம்.

இனி வடிவம். எடை எவ்வளவு என்பதைத் தண்ணீர் பார்த்துக்கொள்ளும். அந்த எடையை எந்த உருவத்தில் தண்ணீருக்குள் வைக்கிறோம் என்பதுதான் ஹல், அதாவது கப்பல் உடல், அமைப்பவரின் வேலை. டேங்கருக்கு பிளாக் கோஎஃபிஷன்ட் 0.80க்கு மேல், கன்டெய்னர் கப்பலுக்கு 0.60 முதல் 0.70 வரை. மெதுவாகப் போகிறவன் பருத்திருக்கலாம், அவசரக்காரன் ஒல்லியாக இருந்தாக வேண்டும். தண்ணீரைத் தள்ளிக்கொண்டு போகும் எந்த ஹல்லும் தன் முன் அலைக்கும் பின் அலைக்கும் நடுவில் சிக்கிக்கொள்ளும். அந்த வேக வரம்பு நீர்மட்ட நீளத்தின் வர்க்கமூலத்தைப் பொறுத்தது: மீட்டரில் நீளத்தின் வர்க்கமூலத்தை 2.43ஆல் பெருக்கினால் நாட். ஏற்காடு ஏரியில் 5 மீட்டர் துடுப்புப் படகுக்கு 5.4 நாட், மணிக்குப் பத்து கிலோமீட்டர். கோடை விழாப் படகுப் போட்டியில் எவ்வளவு வலித்தாலும் அதற்கு மேல் போகும் உழைப்பெல்லாம் அலையை உயர்த்தவே செலவாகும். அந்த அலையைத் தாண்ட வேண்டுமானால் ஹல் தண்ணீரின் மேல் ஏறி வழுக்க வேண்டும். அதற்குத் தட்டையான, பின்பக்கம் கூரான விளிம்போடு வெட்டிய அடி வேண்டும், எடைக்கு ஏற்ற குதிரைத்திறனும் வேண்டும். ஏற்காட்டு உயரத்தில் காற்று மெலிந்திருப்பதால் சாதாரண பெட்ரோல் அவுட்போர்டு சுமார் 15 சதவீதத் திறனை இழக்கும் (300 மீட்டருக்கு 3 சதவீதம் என்பது கைக்கணக்கு). சமவெளியில் ஓட்டிய அதே புரொப்பல்லரைப் போட்டால் எந்திரம் மூச்சு வாங்கும். பிட்ச் (ஒரு சுற்றுக்கு முன்னேறும் தூரம்) குறைந்ததாக மாற்ற வேண்டும்.

பெரிய கப்பல்களின் மூக்கில் தண்ணீருக்கடியில் புடைத்திருக்கும் பல்ப் எல்லா வேகத்திலும் எரிபொருளை மிச்சப்படுத்தும் என்று எழுதுகிறார்கள். இல்லை. அது ஒரு குறிப்பிட்ட வேகத்துக்கும் டிராஃப்டுக்கும் அளந்து செய்தது. வேகத்தைக் குறைத்து ஓட்டத் தொடங்கியபின் பல கன்டெய்னர் கப்பல்களில் பழைய பல்பை வெட்டிவிட்டு வேறு வடிவம் பொருத்த வேண்டி வந்தது.

கட்டுமரம் தனி ரகம். அதற்குள் காற்றடைத்த வெற்றிடம் எதுவும் இல்லை. மிதப்பு முழுக்க இலேசான மரத்திலிருந்து வருகிறது. அலை மேலே ஏறி இறங்கிப் போகும், நிரம்புவதற்கு இடமில்லை. ஒற்றைக் கட்டை உருளும், நான்கைந்தைச் சேர்த்துக் கட்டினால் உருளாது. காரணம், நிலைத்தன்மைக்கு அகலம் அதன் மூன்றாம் அடுக்கில் உதவுகிறது. பல பெடல் படகுகளின் அடியில் இரட்டை உடல் இருப்பதும் இதற்காகத்தான்.

நமக்குப் பக்கத்தில் இருப்பது பரிசல். மேட்டூர் நீர்த்தேக்கத்தில், பண்ணவாடித் துறைப் பக்கம் போனால் பார்க்கலாம். மூங்கில் பின்னல், முன்பு தோல், இப்போது பிளாஸ்டிக் சாக்கும் தாரும், அல்லது முழுக்க ஃபைபர். ஏரா (அடிக்கட்டை) கிடையாது, அணியம் (முன்பக்கம்) அமரம் (பின்பக்கம்) என்ற பேதமும் கிடையாது. அதனால் துடுப்பைச் சரியாகப் போடாவிட்டால் சுற்றும். ஆனால் பலர் நினைப்பதுபோல் அது சட்டென்று கவிழும் ரகம் அல்ல. கணக்குப் போடலாம்.

நீர்மட்டத்தில் 1.8 மீட்டர் விட்டம், பரிசல் 40 கிலோ, ஆளுக்கு 60 கிலோ வீதம் ஐந்து பேர். மொத்தம் 340 கிலோ, விலகும் தண்ணீர் 0.34 கன மீட்டர். நீர்மட்ட வட்டத்தின் நிலைமத் திருப்புதிறனை, அதாவது விட்டத்தின் நான்காம் அடுக்கைப் பையால் பெருக்கி 64ஆல் வகுத்ததை, இந்தக் கன அளவால் வகுத்தால் 1.5 மீட்டர். விலகிய தண்ணீரின் மையத்திலிருந்து (அடியிலிருந்து சுமார் 7 செ.மீ.) அவ்வளவு உயரத்தில் இருக்கும் புள்ளிதான் மெட்டாசென்டர்; எடை மையம் அதற்குக் கீழே இருக்கும்வரை கவிழாது. டப்பாவுக்கு வந்த 5.7 செ.மீ.யும் இதே வழியில் வந்ததுதான். எல்லோரும் உட்கார்ந்திருக்கும்போது எடை மையம் அடியிலிருந்து 40 செ.மீ. என்று வைத்தால், அதற்கும் மெட்டாசென்டருக்கும் இடைவெளி 1.2 மீட்டர். இதை ஜி.எம். என்பார்கள். தாராளமான எண்.

ஒருவர் மட்டும் 70 செ.மீ. ஒருபக்கம் நகர்ந்தால் 6 டிகிரி சாயும், விளிம்பு 10 செ.மீ. தாழும். பயமில்லை. எல்லோரும் எழுந்து நின்றுவிட்டால் மையம் ஒரு மீட்டருக்குப் போய், ஜி.எம். 0.6 ஆகிவிடும். இப்போது அதே ஒருவர் நகர்ந்தால் 20 செ.மீ., இரண்டு பேர் செல்ஃபிக்காக ஒரே பக்கம் போனால் 40 செ.மீ. பரிசலின் விளிம்பு தண்ணீருக்கு மேல் 35 செ.மீ. தான் என்றால் கதை முடிந்தது. கவிழ்வதற்கு முன்பே விளிம்பு வழியாகத் தண்ணீர் வந்துவிடும். ‘எந்திரிக்காதீங்க, நடுவுல உக்காருங்க’ என்று பரிசல்காரர் சொல்வது இந்த இரண்டு எண்களைத்தான். ஆடிக் காற்றில், நீர்த்தேக்கம் நிறைந்து பரப்பு விரிந்திருக்கும்போது, அலை வேறு அந்த 35இலிருந்து கொஞ்சம் தின்றுவிடும்.

உள்ளே வந்த தண்ணீர்தான் நிஜமான எமன். அடி தட்டை என்று வைத்து, 5 செ.மீ. தண்ணீர் நிற்கிறது என்போம். நூறு கிலோவுக்கு மேல். எடை மட்டும் பிரச்சினை என்றால் இரண்டு பேர் கூடுதலாக ஏறிய மாதிரிதான், அதுவும் அடியில். ஆனால் பரிசல் சாயும் பக்கமெல்லாம் அந்தத் தண்ணீரும் ஓடுகிறது. அந்த ஓட்டம் ஜி.எம்.மிலிருந்து பறிப்பது சுமார் 0.9 மீட்டர். கூடுதல் எடையால் பரிசல் அமிழ்வதும் சேர, ஐவரும் உட்கார்ந்த நிலையிலேயே 1.2 இருந்தது கிட்டத்தட்ட ஒன்றுமில்லாமல் போய்விடும். கணுக்கால் நனையாத தண்ணீர்! கவனிக்க வேண்டியது, இந்த இழப்பு தண்ணீரின் ஆழத்தைப் பொறுத்ததல்ல, பரப்பைப் பொறுத்தது. ஆகவே பாதி இறைத்துவிட்டு ஓய்வெடுப்பதில் பயன் குறைவு. தண்ணீர் பரவி நிற்கும் இடமே சுருங்கும் வரை இறைக்க வேண்டும்.

கப்பலிலும் இதே விதி. அரைகுறையாக நிரம்பிய தொட்டி ஆபத்து, முழுதாக நிரம்பியதும் முழுக்கக் காலியானதும் இல்லை. தொட்டியின் நடுவே நீளவாக்கில் ஒரு தடுப்புச் சுவர் வைத்தால் இழப்பு நான்கில் ஒன்றாகக் குறையும். இரண்டு சுவர் வைத்து மூன்றாகப் பிரித்தால் ஒன்பதில் ஒன்று. பாலாஸ்ட் மாற்றும்போது ஒரே நேரத்தில் பல தொட்டிகளைத் திறக்காமல் ஒவ்வொரு ஜோடியாக முடிக்கச் சொல்வது இதற்காகவே.

திடச் சரக்கும் தண்ணீராக மாறும் என்பதுதான் இதில் கொடுமை. சேர்வராயன் மலையில் ஒரு காலத்தில் மேட்டூர் அலுமினிய ஆலைக்காக பாக்சைட் வெட்டினார்கள். அந்தச் செம்மண் கல்லைப் பார்த்தவர்கள் அது கப்பலைக் கவிழ்க்கும் என்று நம்ப மாட்டார்கள். மலேசியாவின் குவாந்தானிலிருந்து 46,400 டன் பாக்சைட்டுடன் கிளம்பிய பல்க் ஜூப்பிட்டர் என்ற கப்பல் 2015 ஜனவரி 2 அன்று வியட்நாம் கரைக்கு அப்பால் மூழ்கியது. 19 பேரில் ஒருவர் மட்டுமே பிழைத்தார். சரக்கு ஏற்றும்போது அங்கே பலத்த மழை. பின்னர் நடந்த சர்வதேச ஆய்வில் தெரிந்தது இது: பொடி அதிகமுள்ள ஈர பாக்சைட், கப்பல் ஆட ஆட இறுகி, உள்ளிருக்கும் ஈரத்தை மேலே தள்ளுகிறது. மேல்பரப்பில் சேற்றுக்குழம்பு தேங்கி அங்குமிங்கும் ஓடத் தொடங்குகிறது. சரக்கு அறை கப்பலின் முழு அகலத்துக்கும் இருப்பதால் பரிசலில் 5 செ.மீ. செய்ததை அந்தக் குழம்பும் செய்யும். கப்பல் வழக்கத்துக்கு மாறாக, மந்தமாக ஆடத் தொடங்கினால் அதுவே முதல் அறிகுறி.

கப்பலிலேயே செய்யக்கூடிய சோதனை ஒன்று உண்டு. அரை லிட்டர் முதல் ஒரு லிட்டர் வரை கொள்ளும் உருளை டின்னில் பாதி அளவு மாதிரிச் சரக்கு. 20 செ.மீ. உயரத்திலிருந்து கெட்டியான தரையில் ஓங்கித் தட்ட வேண்டும், ஒன்றிரண்டு வினாடிக்கு ஒரு முறை, மொத்தம் 25 முறை. மேலே ஈரம் பளபளத்தாலோ குழம்பு தெரிந்தாலோ ஏற்றுவதை நிறுத்திவிட்டு ஆய்வகத்துக்கு அனுப்ப வேண்டும். ஒன்றும் தெரியவில்லை என்றால் சரக்கு நல்லது என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. ஈரம் அனுமதித்த வரம்புக்குள் இருக்கிறதா என்பதை ஆய்வகச் சான்றிதழ்தான் சொல்லும், அதுவும் ஏற்றும் குவியலில் மழை பெய்வதற்கு முன் எடுத்த மாதிரியாக இருந்தால் செல்லாது.